ஈறு தேய்ந்தால் மொழி தேயுமா?

சென்ற திங்கள் நம் மன்றத்தின் செயற்குழு கூடியது. ஆண்டுவிழாப் பேச்சுப் போட்டிக்கு விதி வகுக்கும் கூட்டம் அது. தேநீர் ஆறிக்கொண்டிருந்த வேளையில் நண்பர் ஒருவர் எழுந்தார். நல்ல பேச்சாளர், என்மீது அன்புடையவர். "எல்லைப்புறத்திலிருந்து வரும் மாணவர்களின் தமிழ் சிதைந்த தமிழ், பாதி மலையாளம். அவர்களுக்குத் தனியே பயிற்சி வகுப்பு வைத்து, அதில் தேறியவர்களை மட்டுமே மேடை ஏற்ற வேண்டும்" என்றார். அதோடு நிறுத்தியிருக்கலாம். "ஆங்கிலேயனைப் பாருங்கள்! தன் இலக்கணத்தைக் கோட்டை கட்டிக் காத்தான். அதனால் அவன் மொழி உலகெல்லாம் உலவுகிறது" என்று முழங்கிவிட்டு அமர்ந்தார். கைதட்டல் எழுந்தது. நானும் தட்டினேன், வெட்கத்தோடு ஒப்புக்கொள்கின்றேன்.

விடுதிக்குத் திரும்பும் வழியில்தான் உறைத்தது. அவர் சிதைந்த தமிழ் என்றது என் வீட்டுத் தமிழை.

நான் எலப்புள்ளிக்காரன். பனைமரங்களும் நெல்வயல்களும் நிறைந்த பாலக்காட்டுச் சீமையின் கிழக்கு ஓரம். என் தந்தையார் பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்து கஞ்சிக்கோட்டு இரும்பாலை ஒன்றில் வேலை தேடி வந்தவர். பின்னால் அம்மாவும் அப்பத்தாவும் வந்து சேர்ந்தார்கள். அப்பத்தா கதை சொல்லி முடித்ததும் "மனசிலாச்சா?" என்று கேட்பார். "உன் அத்தை நாளைக்கு வர்றேன்னு பறஞ்சாள்" என்பார். பத்தாம் வகுப்பில் படித்தபோது வாளையாற்றுக்கு அப்பால் ஒரு பேச்சுப் போட்டிக்குப் போனேன். நடுவர் ஒருவர், "தம்பி, மலையாளத்தை நிறுத்திவிட்டுத் தமிழில் பேசு" என்றார். அரங்கம் சிரித்தது. திரும்பி வந்தால், ஊர்ப் பேருந்தில் உடன் படித்தவன் ஒருவன் "பாண்டி" என்றான். அன்றிலிருந்து நான் மேடை ஏறியதில்லை. பௌதிகத்தை எடுத்துக்கொண்டதற்கு அதுவும் ஒரு காரணமோ என்று சில வேளை எண்ணுவதுண்டு. எண்களுக்கு ஊர்வாடை இல்லை அல்லவா?

ஆகவே நண்பருக்கு விடை சொல்ல எனக்குத் தகுதி இருக்கிறதோ இல்லையோ, கடன் இருக்கிறது. பௌதிக மாணவனுக்கு மொழிநூல் எதற்கு என்று கேட்காதீர்கள். சோதனைச் சாலையில் ஒருவர் ஓர் அளவைச் சொன்னால் நாங்கள் அதை மறுபடி அளந்து பார்ப்போம். நண்பர் சொன்ன ஆங்கிலக் கோட்டையையும் அவ்வாறே சற்று அளந்து பார்த்தேன். அங்கே கோட்டையே இல்லை.

இற்றைக்கு ஆயிரத்து நூறு ஆண்டுகட்கு முன், ஆல்பிரடு மன்னன் காலத்து ஆங்கிலத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அது நம் தமிழைப் போலவே ஈறுகளால் வாழ்ந்த மொழி. கல் என்பதற்கு அன்று 'ஸ்டான்' என்று பெயர். கல்லினது என்றால் ஸ்டானெஸ், கல்லுக்கு என்றால் ஸ்டானெ, கற்கள் ஸ்டானாஸ், கற்களின் ஸ்டானா, கற்களுக்கு ஸ்டானும். வேற்றுமையும் எண்ணும் சொல்லின் வாலிலேயே இருந்தன. இன்று என்ன மிச்சம்? ஸ்டோன், ஸ்டோன்ஸ். அவ்வளவுதான். நான் பாடுகிறேன், நீ பாடுகிறாய், அவன் பாடுகிறான், நாங்கள் பாடுகிறோம் என்று நாம் வினையின் ஈற்றை மாற்றுவது போல அவர்களும் மாற்றினார்கள். அந்த ஈறுகளில் நிகழ்காலத்து 'ஹி ஸிங்ஸ்' என்னும் ஒற்றை ஸகரம் மட்டும் எஞ்சியது. அதுவும் பழையது அன்று. முன்பு 'ஸிங்கெத்' என்று இருந்ததை வடபுலத்து ஸகரம் வந்து துரத்திவிட்டது.

பால் பாகுபாடும் அப்படித்தான். பழைய ஆங்கிலத்தில் பெயர்ச்சொற்களுக்கு ஆண்பால், பெண்பால், இரண்டுமல்லாத பால் என்று மூன்று உண்டு. ஆனால் பொருளுக்கும் பாலுக்கும் பொருத்தம் தேடாதீர்கள். பெண்ணைக் குறிக்கும் 'வீஃப்' என்ற சொல் இரண்டுமல்லாத பால். அதே பெண்ணைக் குறிக்கும் 'வீஃப்மன்' என்ற சொல் ஆண்பால்! உயர்திணை, அஃறிணை என்று ஒழுங்காக வகுத்த தொல்காப்பியர் கேட்டிருந்தால் தலையில் கை வைத்து உட்கார்ந்திருப்பார். அந்தப் பாகுபாடு முழுதும் ஆங்கிலத்தில் உதிர்ந்து போயிற்று. உதிர்ந்ததற்காக இன்று எந்த ஆங்கிலேயனும் அழக் காணோம்.

ஏன் உதிர்ந்தது? முதல் அசையை அழுத்தி ஒலிப்பது அம்மொழியின் வழக்கம். முதலை அழுத்தினால் கடைசி மெலியும். மெலிந்த ஈறுகள் ஒன்றுபோல் ஒலிக்கத் தொடங்கின. இன்னொன்றும் உண்டு. அதுதான் நம் எல்லைப்புறத்தார் காது கொடுத்துக் கேட்க வேண்டியது. எட்டாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து வடகடலைக் கடந்து நார்ஸ் மொழியினர் வந்தார்கள். முதலில் கொள்ளையடித்தார்கள், பிறகு குடியேறினார்கள், பெண் கொடுத்துப் பெண் எடுத்தார்கள். இரண்டும் உறவு மொழிகள். வேர்ச்சொற்கள் பல ஒன்றுபோல் இருந்தன. ஈறுகள்தாம் வேறாக இருந்தன. சந்தையில் மாடு விற்பவனுக்கும் வாங்குபவனுக்கும் வேர் புரிந்தால் போதும்; ஈறு இடையூறு. ஈறுகள் விரைவாகத் தேய்ந்ததற்கு இந்தக் கலப்பும் காரணம் என்று மொழிநூலார் பலர் கருதுகின்றனர். 'அவர்கள்' என்பதற்கு ஆங்கிலேயன் இன்று சொல்லும் 'தே' என்ற சொல்லே நார்ஸ் மொழியிலிருந்து வந்த இரவல்தான். அவர், இவர் என்று சொல்லக்கூடப் பக்கத்து வீட்டில் கடன் வாங்கிய மொழியை, இலக்கணக் கோட்டை காத்த மொழி என்கிறார் நண்பர்!

ஈறு போனபின் அந்த மொழி எப்படி நின்றது? சொல்லின் வாலில் இருந்த வேலையைச் சொல்லின் இடம் ஏற்றுக்கொண்டது. 'யானை பாகனைத் தூக்கியது' என்றாலும் 'பாகனை யானை தூக்கியது' என்றாலும் நமக்குப் பொருள் ஒன்றே. ஐகாரம் ஒன்று பாகனோடு ஒட்டிக்கொண்டு எங்கு போனாலும் கூடவே போகிறது. பழைய ஆங்கிலத்திலும் ஏறக்குறைய அப்படிச் சொற்களை இடம் மாற்ற முடிந்தது. இன்றைய ஆங்கிலத்தில் பாகனை முன்னால் கொண்டுவந்து வைத்துப் பாருங்கள். பாகன் யானையைத் தூக்கிவிடுவான். எழுவாய், பிறகு வினை, பிறகு செயப்படுபொருள் என்ற வரிசை இறுகியது இதனால்தான். வேற்றுமை உருபின் வேலையில் ஒரு பகுதியை முன்னிடைச் சொற்கள் எடுத்துக்கொண்டன. ஒரு கால் தளர்ந்தபோது மறு காலை ஊன்றிக்கொண்டது அந்த மொழி.

வேடிக்கையான மாற்றங்களும் உண்டு. 'நீங்கள்' என்பதற்கு அன்று எழுவாயாக வரும்போது 'யீ' என்ற சொல். செயப்படுபொருளாக வரும்போது 'யூ'. காலப்போக்கில் 'யூ' வந்து 'யீ'யின் நாற்காலியிலேயே உட்கார்ந்துகொண்டது. "உங்களை எப்போது வந்தீர்கள்?" என்று ஒருவர் கேட்டால் நாம் சிரிப்போமா மாட்டோமா? அந்தச் சிரிப்புக்குரிய பிழைதான் இன்றைய செவ்விய ஆங்கிலம். 'தவ்' என்றால் நீ. பன்மையைக் கொண்டு ஒருவரை மதிக்கும் வழக்கம் பரவப் பரவ, 'தவ்' பொது வழக்கிலிருந்தே மறைந்தது. இன்று ஆங்கிலேயன் தன் நாய்க்குட்டியையும் 'யூ' என்றே அழைக்கிறான். சேக்சுபியர் காலத்தில் 'அறிவாயா?' என்று வினையை முன்னிறுத்தியும் கேட்டார்கள். 'டூ' என்ற துணையைச் சேர்த்தும் கேட்டார்கள். பிறகு வினாவுக்கும் மறுப்புக்கும் அந்தத் துணை கட்டாயமாயிற்று. தனக்கென்று பொருள் ஏதுமின்றி நிற்கும் அந்த 'டூ'வை இன்று விட்டுவிட்டால் ஆசிரியர் சிவப்பு மையால் சுழிக்கிறார்.

கோட்டை கட்ட முயன்றவர்கள் இல்லாமல் இல்லை. 1712-இல் ஜானதன் சுவிப்டு, மொழியைத் திருத்தி நிலைநிறுத்த ஒரு கழகம் வேண்டும் என்று எழுதினார். கழகம் அமையவில்லை. 1755-இல் அகராதி வெளியிட்ட ஜான்சன், சொற்களை மாறாமல் பாடம்பண்ணி வைத்துவிடலாம் என்று எண்ணும் அகராதிக்காரன் நகைப்புக்கு உரியவன் என்று தம் முன்னுரையிலேயே ஒப்புக்கொண்டார். 'வீடு கட்டப்பட்டுக்கொண்டிருக்கிறது' என்ற பொருளில் இன்று நாம் எழுதும் ஆங்கிலத் தொடர் பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில்தான் வழக்குக்கு வந்தது. அதற்கு அடுத்த நூற்றாண்டில் அது காட்டுமிராண்டித் தொடர் என்று கண்டித்தவர்கள் இருந்தார்கள். இன்று அத்தொடர் இன்றி என் சோதனைக் குறிப்பேட்டில் ஒரு பக்கம் நகராது.

இனி நம் வீட்டுக்கு வருவோம். எலப்புள்ளியில் ஒரே தேநீர்க்கடையில் இரண்டு இலக்கணங்கள் எதிரெதிரே அமர்ந்து தேநீர் குடிக்கின்றன. நான் வந்தேன், அவன் வந்தான், அவள் வந்தாள், அவர்கள் வந்தார்கள் என்கிறோம் நாம். ஞான் வந்நு, அவன் வந்நு, அவள் வந்நு, அவர் வந்நு என்கிறார் பக்கத்து மேசைக்காரர். எல்லாருக்கும் ஒரே வினை. இராமசரிதம் போன்ற பழைய நூல்களில் அங்கும் இந்த ஈறுகள் உண்டு, பின்னர் நீங்கின. ஏ. ஆர். இராசராச வர்மா 1896-இல் வெளியிட்ட கேரள பாணினீயத்தில் இதற்குப் 'புருஷபேத நிராசம்' என்று பெயரே கொடுத்திருக்கிறார். ஈறு போனதால் மலையாளம் செத்தா போயிற்று? நூல்களும் நாளிதழ்களுமாக அது செழித்திருப்பதை நாம் நாள்தோறும் காண்கிறோம்.

என் அறைத் தோழன் மலையாளி. அவன் ஒரு நாள் கேட்டான்: "அவள் என்று முன்னாலேயே சொல்லிவிட்டீர்கள், பிறகு ஏன் வந்தாள் என்று இன்னொரு முறை சொல்கிறீர்கள்?" நல்ல கேள்வி. நமக்கு 'வந்தேன்' என்ற ஒரு சொல்லே முழு வாக்கியம். அவனுக்கு யார் என்பதைத் தனியே சொல்ல வேண்டும், அல்லது இடம் நோக்கி உணர வேண்டும். நாம் ஈற்றில் செலவழிப்பதை அவன் எழுவாயில் செலவழிக்கிறான். கணக்கு ஏறக்குறைய நேராகிவிடுகிறது.

தமிழ் மட்டும் அசையாமல் நின்றதா? அதுவும் இல்லை. 'உண்கு' என்றால் உண்பேன் என்று பொருள். 'செல்கம்' என்றால் செல்வோம். இன்று யாராவது உணவு விடுதியில் "உண்கு" என்று சொல்லிப் பாருங்கள்! யான் இருந்த இடத்தில் நான் வந்தது. நீயிர், நீர் ஆயிற்று. நீர் ஒருவரை மதிக்கும் சொல்லாயிற்று. பன்மைக்கு ஆள் போதாமல் 'கள்' ஈறு சேர்த்து நீங்கள் என்று ஆக்கினோம். பிறகு அதையும் ஒருவருக்கே மரியாதையாகச் சொல்லத் தொடங்கினோம். ஆங்கிலேயன் 'யூ'வுக்குச் செய்ததை நாம் அவனைக் கேளாமலே செய்திருக்கிறோம். 'கின்று' என்னும் நிகழ்கால இடைநிலை சங்கத் தொகை நூல்களில் மிக அரிது. ஆழ்வார் நாயன்மார் பாடல்களில் பெருகுகிறது. பழையன போவதையும் புதியன வருவதையும் பவணந்தியார் குற்றமென்று தள்ளவில்லை. காலத்தின் இயல்பு என்று நன்னூலின் முடிவில் இடம் கொடுத்துவிட்டார். அவருக்கு இருந்த பொறுமை நம் செயற்குழுவுக்கு இல்லை.

இப்போது என் அப்பத்தாவின் வாக்கியத்தை எடுத்து மேசைமேல் வைக்கின்றேன். 'பறஞ்சாள்.' நண்பருக்கு அதில் மலையாளம் கேட்கிறது. எனக்கும் கேட்கிறது. ஆனால் மலையாளி 'பறஞ்ஞு' என்று அல்லவா சொல்வார்? ஆள் என்னும் ஈறு எங்கிருந்து வந்தது? அது தமிழ். சொல்லை எல்லைக்கு அப்பாலிருந்து வாங்கி, அதன் வாலில் திணையும் பாலும் எண்ணும் இடமும் பிழையறப் பொருத்தி வைத்திருக்கிறார், பள்ளிக்கூடம் அதிகம் பாராத அந்தக் கிழவி. 'மனசிலாச்சா' என்பதிலும் 'ஆச்சா' நம்முடையதே. பிரெஞ்சுச் சொற்களை ஆயிரக்கணக்கில் வாங்கி, அவற்றைத் தன் வரிசையில் நிறுத்தி, தன் இறந்தகால ஈற்றை ஒட்டி, ஆங்கிலம் செய்ததும் இதுவே. அங்கே அதற்கு வளம் என்று பெயர். இங்கே சிதைவு என்று பெயர்! நம் நண்பர் 'நான் அவரை மீட் பண்ணினேன்' என்று நாளுக்குப் பத்து முறை சொல்கிறார். அதைக் குறை சொல்ல நான் வரவில்லை. பண்ணினேன் என்று முடிப்பதால் அவரும் என் அப்பத்தாவின் பள்ளியில்தான் படித்திருக்கிறார்.

காக்ஸ்டன் கதையை இங்கே சொல்லாமல் போக முடியவில்லை. 1476-இல் வெஸ்டுமினிஸ்டரில் அச்சுக்கூடம் வைத்தவர் அவர். 1490-ஐ ஒட்டி அச்சிட்ட ஒரு நூலின் முன்னுரையில் அவர் எழுதியது இது. தேம்ஸ் ஆற்றில் காற்றுக்காகக் காத்திருந்த வணிகர் சிலர் கரையேறி ஒரு வீட்டில் உணவு கேட்டார்கள். ஒருவர் முட்டைக்கு 'எக்ஸ்' என்றார். வீட்டுக்காரி, "எனக்குப் பிரெஞ்சு தெரியாது" என்றாள். அவருக்குச் சினம் வந்தது. அவருக்கும் பிரெஞ்சு தெரியாது! இன்னொருவர் 'ஐரென்' என்றார், அப்போது புரிந்தது. இரண்டும் ஆங்கிலமே. எதை அச்சிடுவது என்று காக்ஸ்டன் கவலைப்பட்டார். கவலைப்பட்டாரே ஒழிய, அந்த வீட்டுக்காரியின் வாயை அடைக்கச் சொல்லவில்லை.

அதே முன்னுரை எனக்கு எதிராகவும் பேசும் என்பதை மறைக்க மாட்டேன். அச்சுக்கும் ஆட்சிக்கும் ஒரு பொது நடை வேண்டும். ஆங்கிலத்துக்கு அது மெல்ல மெல்ல அமைந்தது. நமக்கும் வேண்டும். 'மாணவர்கள் வந்தது' என்று தேர்வுத்தாளில் எழுதினால் மதிப்பெண் குறைக்கட்டும், அது சரிதான். எனக்கு ஒருமை பன்மை மயக்கம் இன்றும் உண்டு. இந்தக் கட்டுரையையும் தமிழ்த்துறை நண்பர் ஒருவர் பார்த்துத் திருத்தினார். எழுத்துத் தமிழைக் கற்றுக்கொடுங்கள், கைகூப்பி வரவேற்கின்றேன். அதைக் கற்றுத் தேறும்வரை வாய் திறக்காதே என்பதுதான் எனக்கு உடன்பாடில்லாதது. நீந்தத் தெரிந்தபின் ஆற்றில் இறங்கு என்றால் யார்தான் இறங்குவார்?

மொழிக்கு உண்மையான ஆபத்து எங்கிருந்து வரும் என்பதையும் ஆங்கிலத்தின் கதையே சொல்கிறது. 1066-இல் நார்மானியர் இங்கிலாந்தை வென்றார்கள். அரசவையிலும் வழக்குமன்றத்திலும் பிரெஞ்சு ஏறி அமர்ந்தது. திருச்சபையிலும் ஆவணங்களிலும் இலத்தீன் இருந்தது. ஆங்கிலம் வயலுக்கும் அடுப்படிக்கும் போயிற்று. கிட்டத்தட்ட முந்நூறு ஆண்டுகள்! 1362-இல்தான் வழக்குகளை ஆங்கிலத்தில் நடத்த வேண்டும் என்று சட்டம் வந்தது. அந்தச் சட்டமே பிரெஞ்சில் எழுதப்பட்டிருந்தது என்பது இன்னொரு வேடிக்கை. ஈறுகள் எல்லாம் உதிர்ந்து, ஆல்பிரடு மன்னன் எழுந்து வந்தால் அடையாளம் காண முடியாத உருவில் ஆங்கிலம் வழக்குமன்றம் ஏறியது. ஈறு போனதால் அது சாகவில்லை. ஏழை மக்கள் விடாமல் பேசியதால் அது சாகவில்லை. அவர்களும் "நம் ஆங்கிலம் சிதைந்த ஆங்கிலம்" என்று நாணிப் பிரெஞ்சுக்கு மாறியிருந்தால் கதை முடிந்திருக்கும்.

நம் நிலையைப் பாருங்கள். 1956 நவம்பர் 1-இல் மாநிலங்கள் பிரிந்தபோது பாலக்காடும் தேவிகுளமும் பீருமேடும் கேரளத்தில் அமைந்தன. அதே ஆண்டு அரசியல் சட்டத்தில் சேர்ந்த 350-ஏ பிரிவு, மொழிச் சிறுபான்மைக் குழந்தைகளுக்குத் தாய்மொழியில் தொடக்கக் கல்வி பெற வசதி செய்யச் சொல்கிறது. 1969-ஆம் ஆண்டுக் கேரள ஆட்சிமொழிச் சட்டம், இங்குள்ள தமிழர் தலைமைச் செயலகத்துக்கும் துறைத் தலைவர்களுக்கும், சிறுபான்மையர் வாழும் பகுதி அலுவலகங்களுக்கும் தமிழிலேயே எழுதலாம் என்கிறது. விடையும் தமிழில் வர வேண்டும் என்கிறது. கதவு திறந்தே இருக்கிறது. நம்மில் எத்தனை பேர் அதன் வழியே ஒரு விண்ணப்பம் எழுதியிருக்கிறோம்? நான் எழுதியதில்லை. சாதிச் சான்றுக்கும் உதவித்தொகைக்கும் மலையாளத்திலும் ஆங்கிலத்திலும் எழுதினேன். என் தமிழைப் பார்த்து எழுத்தர் சிரிப்பாரோ என்ற கூச்சம். அந்தக் கூச்சத்தை எனக்குக் கொடுத்தது மலையாளம் அன்று. வாளையாற்றுக்கு அப்பால் சிரித்த அரங்கம்.

இதைப் பெரிது படுத்துகிறேன் என்று தோன்றலாம். ஒரு சிறு செய்தி சொல்கின்றேன். முதலாண்டில் ஒரு தங்கை படிக்கிறாள். தேவிகுளம் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்தவள். லயத்து வீட்டில் வளர்ந்தவள். கொழுந்து எடுக்கும் தன் தாயைப் பற்றிப் பேசப் போகிறேன் என்று போட்டிக்குப் பெயர் கொடுத்திருந்தாள். செயற்குழுப் பேச்சு எப்படியோ பெண்கள் விடுதிவரை போயிற்று. மறுநாள் அறிவிப்புப் பலகையில் இருந்த பட்டியலில் அவள் பெயர் நீல மையால் அடிக்கப்பட்டிருந்தது. அடித்தவள் அவளே. கேட்டேன், "என் பேச்சில் தோட்டத்து வாடை வரும், அண்ணா" என்றாள். எட்டாண்டுகளுக்கு முன் நான் சொல்லியிருக்க வேண்டிய சொற்கள். நான் அவற்றைக்கூடச் சொல்லவில்லை, பேசாமல் இருந்துவிட்டேன்.

நண்பருக்கு என் வேண்டுகோள் இதுதான்: பயிற்சி வகுப்பு நடக்கட்டும், விரும்புவோர் வரட்டும், முதல் மாணவனாக நானே வருகின்றேன். மேடைக்கு அது நுழைவுச்சீட்டு ஆக வேண்டாம். அந்த விதியை அடுத்த கூட்டத்தில் நீக்கக் கோரித் தமிழில் ஒரு விண்ணப்பம் எழுதிச் செயலரிடம் கொடுத்திருக்கிறேன். என் வாழ்நாளில் நான் தமிழில் எழுதிய முதல் விண்ணப்பம் அது. இரண்டு இடத்தில் அடித்துத் திருத்தியிருக்கிறது.

போட்டிக்குப் பெயர் கொடுக்க இன்னும் ஒன்பது நாள் இருக்கிறது. பட்டியலில் பதினான்காவது வரி என்னுடையது. அடிக்கப்பட்ட பெயர் பதினொன்றாவது வரி. அதன் பக்கத்தில் மறுபடி எழுத இடம் இருக்கிறது. அந்தத் தங்கையிடம் சொல்லியிருக்கிறேன். இன்று மாலை வரை அவள் வரவில்லை.